அரை மதிப்பெண் பாக்கி



முழங்கால் வலியால் இரண்டு வாரமாக வாசல் தாண்டவில்லை. பரணிலிருந்து பழைய நோட்டுகளை இறக்கச் சொல்லிப் புரட்டிக்கொண்டிருந்தேன். ஒன்பதாம் வகுப்புக்கு நான் எழுதிவைத்த பாடக்குறிப்பு ஒன்று கிடைத்தது. ‘நெப்போலியன் சட்டத் தொகுப்பு, 1804’ என்ற தலைப்பு. கீழே மூன்று வரி. பிறப்பால் வந்த சலுகைகள் ஒழிந்தன. சட்டத்தின் முன் அனைவரும் சமம். சொத்துரிமை உறுதியானது. இதை எத்தனை வருடம் கரும்பலகையில் எழுதிப் போட்டிருப்பேன்! நீங்களும் அப்படியே எழுதி மார்க் வாங்கினீர்கள்.

ஒரு வருடம் அரையாண்டுத் தேர்வில் ஒரு பெண் மட்டும் ‘சட்டத்தின் முன் ஆண்கள் அனைவரும் சமம்’ என்று எழுதியிருந்தாள். சிவப்பு மையால் ‘ஆண்கள்’ என்ற சொல்லை அடித்துவிட்டு அரை மதிப்பெண் குறைத்தேன். தெரிந்து எழுதினாளா, கைதவறி எழுதினாளா என்று கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும். ஏனென்றால் அவள் எழுதியதுதான் உண்மைக்குப் பக்கத்தில் இருந்தது. நான் நடத்தாமல் விட்ட அந்தப் பாடத்தை இப்போது நடத்திவிடுகிறேன். கொஞ்சம் நீளம்தான், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அந்தச் சட்டத் தொகுப்பில் திருமணம் பற்றி ஒரு பகுதி இருக்கிறது. கணவன் மனைவியைப் பாதுகாக்க வேண்டும், மனைவி கணவனுக்குக் கீழ்ப்படிய வேண்டும் என்பது 213ஆம் பிரிவு. அவன் எங்கே குடியிருக்க முடிவு செய்கிறானோ அங்கே அவளும் போக வேண்டும் என்பது அடுத்த பிரிவு. அவன் சம்மதமில்லாமல் அவளால் சொத்தை விற்கவோ, அடமானம் வைக்கவோ, தானமாகக் கொடுக்கவோ, வாங்கவோகூட முடியாது. ஒப்பந்தம் செய்யத் தகுதி இல்லாதவர்கள் யார் யார் என்று 1124ஆம் பிரிவு பட்டியல் போடுகிறது. வயது வராத பிள்ளைகள், சித்தம் தெளிவில்லாதவர் என்று நீதிமன்றம் விலக்கிவைத்தவர்கள், அவர்களோடு சேர்த்துத் திருமணமான பெண்கள்.

மனைவி வழிதவறினால் கணவன் விவாகரத்துக் கேட்கலாம். கணவன் வழிதவறினால்? அந்த இன்னொருத்தியைக் குடும்பம் நடத்தும் வீட்டுக்கே கொண்டுவந்து வைத்துக்கொண்டால்தான் மனைவி கேட்க முடியும். அந்த வழியும் வெகுநாள் இருக்கவில்லை. மன்னராட்சி திரும்பி வந்ததும் 1816இல் விவாகரத்தையே எடுத்துவிட்டார்கள். மறுபடி வந்தது 1884இல். இடையில் 68 வருடம்.

இதில் ஒரு வேடிக்கை. இந்தக் கட்டு எல்லாம் திருமணமான பெண்ணுக்குத்தான். இருபத்தொரு வயது நிறைந்த கன்னிப்பெண்ணும் விதவையும் தன் பெயரில் கையெழுத்துப் போடலாம், வியாபாரம் செய்யலாம். ஷாம்பெயின் மதுவில் ‘வவ் கிளிக்கோ’ என்று ஒரு பிரபலமான பெயர் உண்டு. ‘வவ்’ என்றால் விதவை. (பிரெஞ்சு உச்சரிப்பில் நான் தடுமாறுவேன். புதுச்சேரி உறவுகள் திருத்துங்கள்.) அந்த அம்மாள் 1805இல், இருபத்தேழு வயதில் கணவரை இழந்தார். மாமனாரின் பண உதவியோடு குடும்ப வியாபாரத்தைக் கையில் எடுத்து ரஷ்யா வரைக்கும் சரக்கு அனுப்பினார். கணவர் உயிரோடு இருந்திருந்தால் அந்தக் கடிதங்களில் அவர் கையெழுத்து இருந்திருக்காது. நம் பக்கத்தில் விதவையின் நிலை என்னவாக இருந்தது என்று நினைத்துப் பார்த்தால் இது விநோதமாகத்தான் படுகிறது.

அப்படியானால் திருமணமே செய்துகொள்ளாமல் இருந்துவிடலாமே என்று கேட்பீர்கள். அங்கேதான் கூலிக் கணக்கு வருகிறது.

பத்தொன்பதாம் நூற்றாண்டுப் பிரான்ஸ் என்றதும் குடை பிடித்து நிற்கும் சீமாட்டிகள்தான் நமக்கு ஞாபகம் வருகிறார்கள். அது ஓவியங்களால் வந்த வினை. பெரும்பாலான பெண்கள் வயலில், பட்டுப்பட்டறையில், சலவைத் துறையில், பிறர் வீட்டு அடுப்படியில் உழைத்தார்கள். ஆண் வாங்கும் கூலியில் பாதி கிடைத்தால் அதிர்ஷ்டம். பெண்ணின் சம்பாத்தியம் கணவன் சம்பாத்தியத்துக்குத் துணை, அவ்வளவுதான் என்பது முதலாளிகளின் எண்ணம். கணவனே இல்லாதவள் என்ன செய்வாள் என்று யாரும் கணக்குப் போடவில்லை. வசதியான குடும்பங்களில் வரதட்சணை இருந்தது. ஆமாம், அங்கேயும்தான். நோட்டரி முன்னால் ஒப்பந்தமாகவே எழுதுவார்கள். வரதட்சணை கொடுக்க வழியில்லாத, கொஞ்சம் படித்த, நடுத்தரக் குடும்பத்துப் பெண்ணின் பாடுதான் திண்டாட்டம். கூலி வேலைக்குப் போனால் கௌரவம் போகும். போகாவிட்டால் அடுப்பு எரியாது.

அப்படி ஒரு பெண்ணைப் பற்றிச் சொல்லத்தான் இந்தப் பதிவே. பெயர் ஜூலி விக்துவார் தொபியே. 1824இல் பிரான்சின் கிழக்கே, வோஜ் மலைப்பகுதியில் பான்-லே-பான் என்ற ஊரில் பிறந்தார். அப்பா தகரத் தகடு செய்யும் ஒரு தொழிற்சாலையில் கணக்கர். எட்டுப் பிள்ளைகளில் இவர் கடைக்குட்டி. இரண்டு வயது நிறையுமுன் அப்பா போய்விட்டார். இருபது வயதில் தேர்வு எழுதி ஆசிரியைக்கான தகுதிச் சான்றிதழ் வாங்கினார். அண்ணன்களில் ஒருவர் பாதிரியார். அவரிடம் உட்கார்ந்து லத்தீனும் கிரேக்கமும் கற்றார்.

லத்தீனைச் சாதாரணமாக நினைக்காதீர்கள், கதையே அதில்தான் இருக்கிறது. ‘பக்கலோரியா’ என்பது பிரான்சில் பல்கலைக்கழகத்துக்குள் நுழைவதற்கான தேர்வு. நம் பிளஸ் டூ மாதிரி, ஆனால் அதைவிடக் கனமானது. அரசு வேலை, மருத்துவம், சட்டம் எல்லாவற்றுக்கும் அதுதான் வாசல். பெண்கள் எழுதக்கூடாது என்று எந்த விதியிலும் இல்லை. தடுக்க வேண்டிய தேவையே இல்லை என்பதுதான் விஷயம். அந்தத் தேர்வுக்கு லத்தீன் வேண்டும், பையன்கள் பள்ளியில் மட்டும்தான் லத்தீன் கற்றுக்கொடுப்பார்கள். பூட்டுப் போடாத கதவுதான், ஆனால் கதவு வரைக்கும் போகப் பெண்ணுக்குப் பாதை கிடையாது.

1859இல் லியோன் நகரத்து அறிவியல் கலைக் கழகம் ஒரு கட்டுரைப் போட்டி வைத்தது. பெண்களின் கூலியை ஆண்களின் கூலிக்குச் சமமாக உயர்த்துவதற்கும் அவர்களுக்குப் புதிய வேலைகளைத் திறப்பதற்கும் என்ன வழி என்பது பொருள். பரிசு தொபியேவுக்கு. அந்தக் கட்டுரையைப் பெரிதாக்கி 1866இல் ‘பத்தொன்பதாம் நூற்றாண்டின் ஏழைப் பெண்’ என்ற பொருள்படும் தலைப்பில் புத்தகமாக வெளியிட்டார். இரக்கம் கேட்கும் புத்தகம் அல்ல அது. எந்தத் தொழிலில் பெண்ணை ஏன் சேர்ப்பதில்லை, எங்கே கூலி ஏன் விழுகிறது என்று ஒவ்வொன்றாக எடுத்துக் கேட்கிறார். கன்னிமாடங்களிலும் சிறைகளிலும் மலிவாகத் தைத்துக் கொடுப்பதால் வெளியே ஊசியை நம்பிப் பிழைக்கும் பெண்ணின் வயிற்றில் அடி விழுகிறது என்கிறார். குழந்தையின் தகப்பன் யார் என்று விசாரிப்பதையே சட்டம் தடுத்திருந்தது. 340ஆம் பிரிவு. ஏமாற்றியவன் தெருவில் தலைநிமிர்ந்து போக, ஏமாந்தவள் குழந்தையோடு தெருவில் நிற்கிறாளே, இது என்ன நியாயம் என்று கேட்கிறார். அந்தப் பிரிவு 1912இல்தான் தளர்ந்தது.

ஆசிரியர் தொழிலில் இருக்கும் என் பிள்ளைகள் இந்த இடத்தைக் கவனியுங்கள். ஆசிரியையாக வேண்டுமானால் தொபியே மாதிரிப் பெண்கள் தேர்வு எழுதிச் சான்றிதழ் வாங்க வேண்டும். கன்னியாஸ்திரீகளுக்குத் தேர்வு வேண்டாம். மடத்துத் தலைவி தரும் ஒரு கடிதம் போதும். அதற்குப் பெயரே ‘கீழ்ப்படிதல் கடிதம்’. 1850இல் வந்த கல்விச் சட்டம் அந்தக் கடிதம் தகுதிச் சான்றிதழுக்குச் சமம் என்று எழுதியே வைத்தது. ஆண் துறவிகளுக்கு அந்தச் சலுகை இல்லை, அவர்கள் தேர்வு எழுத வேண்டும். பெண்பிள்ளைக்குப் பாடம் நடத்த இது போதும் என்ற நினைப்புதானே? தொபியே இதைக் கடுமையாகத் தாக்கினார். கன்னியாஸ்திரீகளை நான் குறை சொல்லவில்லை. அவர்கள் இல்லாவிட்டால் பல கிராமங்களில் பெண்களுக்குப் பள்ளிக்கூடமே இருந்திருக்காது.

சரி, தேர்வுக்கு வருவோம். முதலில் பாரிஸில் அனுமதி கேட்டார், கிடைக்கவில்லை. லியோனில் கட்டுரைப் பரிசு மூலம் ஆர்லே-துஃபூர் என்ற பட்டு வணிகரின் ஆதரவு கிடைத்திருந்தது. அவர் முயற்சியால் 1861 ஆகஸ்டில் லியோனில் தேர்வு எழுதினார். வயது 37. கூட எழுதியவர்கள் மீசை அரும்பாத பையன்கள்.

அந்தக் காலத்தில் மதிப்பெண் போடும் முறை எனக்கு மிகவும் பிடித்தது. எண்ணுக்குப் பதில் உருண்டை. தேர்ச்சி என்றால் சிவப்பு, இரண்டும் கெட்டான் என்றால் வெள்ளை, தேறவில்லை என்றால் கறுப்பு. தொபியேவுக்கு ஆறு சிவப்பு, மூன்று வெள்ளை, ஒரே ஒரு கறுப்பு. தேறிவிட்டார். பிரான்சில் பக்கலோரியா தேறிய முதல் பெண்.

தேறினால் போதுமா? பட்டத்தில் கல்வி அமைச்சர் கையெழுத்து வேண்டும். ரூலான் என்பவர் அமைச்சர். ஒரு பெண்ணுக்கு இதைக் கொடுத்தால் அமைச்சகத்தைப் பார்த்து ஊரே சிரிக்கும் என்று கையெழுத்துப் போடாமல் வைத்திருந்தார் என்று சொல்வார்கள். ஆர்லே-துஃபூர் விடவில்லை. மகாராணி யூஜெனி வரைக்கும் விஷயம் போன பிறகுதான் பட்டம் கைக்கு வந்தது.

தொபியே திருமணம் செய்துகொள்ளவில்லை. செய்துகொண்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதற்கு இன்னொருவரைப் பாருங்கள். மதலேன் பிரெஸ் என்ற பெண்மணி சில வருடங்கள் கழித்துப் பாரிஸில் மருத்துவம் படிக்கப் போனார். பக்கலோரியா வாங்கி வாருங்கள் என்றார்கள். வாங்கிக்கொண்டு போனார். அதற்கு மேல் ஒன்று கேட்டார்கள்: கணவரின் சம்மதம். நல்லவேளை, அந்த மனிதர் கொடுத்தார். 1875இல் பிரெஸ் மருத்துவப் பட்டம் பெற்றார், அப்படிப் பெற்ற முதல் பிரெஞ்சுப் பெண். தாய்ப்பால் பற்றியது அவருடைய ஆய்வு. சம்மதம் கொடுக்காத கணவர்கள் வாய்த்தவர்கள் பெயர் நமக்குத் தெரியப்போவதில்லை.

மனைவியின் கூலியைக் கணவன் நேரே போய் முதலாளியிடம் வாங்கிக்கொள்ளலாம் என்ற நிலை அந்த நூற்றாண்டு முழுவதும் இருந்தது. 1881இல் கணவன் துணையில்லாமல் சேமிப்புக் கணக்குத் தொடங்கலாம் என்றார்கள். அவன் ஆட்சேபித்தால் பணம் எடுக்க முடியாது. தான் சம்பாதித்த கூலியைத் தானே வைத்துக்கொள்ளும் உரிமை 1907இல் வந்தது. ஓட்டுரிமை 1944இல். இந்த மூன்று தேதிகளையாவது நான் கரும்பலகையில் எழுதியிருக்கலாம்.

பக்கலோரியாவோடு தொபியே நிற்கவில்லை. சோர்போன் வகுப்புகளில் பெண்கள் உட்கார முடியாது, அதனால் வீட்டிலேயே படித்து இலக்கியத்தில் அடுத்த பட்டமும் வாங்கினார். ரோமானியச் சமூகத்தில் பெண்ணின் நிலை பற்றி முனைவர் ஆய்வைத் தொடங்கினார். முடிக்கவில்லை. 1874 ஆகஸ்டில் காசநோயால் இறந்தார். ஐம்பது வயது.

கீழ்ப்படிதல் கடிதம் 1881இல் ஒழிந்தது. அதற்கு முந்தின வருடம் பெண்களுக்கு அரசு உயர்நிலைப் பள்ளிகள் திறக்கச் சட்டம் வந்தது. ஆனால் அந்தப் பள்ளிகளில் லத்தீன் இல்லை, பக்கலோரியா இல்லை. வீட்டுப் பொருளாதாரமும் தையலும் இருந்தன. பையன்கள் படித்த அதே பாடம் பெண்களுக்கும் என்று அரசு ஆணை போட்டது 1924இல். தொபியே போய்ச் சரியாக ஐம்பது வருடம்.

அரையாண்டுத் தேர்வில் ‘ஆண்கள்’ என்று எழுதிய பெண்ணே, உனக்கு இப்போது நாற்பத்தைந்து வயதாவது இருக்கும். இதைப் படித்தால் கீழே ஒரு வரி எழுது. தெரிந்துதான் எழுதினாயா?