வெட்டுமேசையின் மறைபெயர்: பஞ்சு முதல் லெனின் வரை தமிழ்ப் படத்தொகுப்பு

1952 தீபாவளியன்று வெளிவந்த ‘பராசக்தி’யின் பெயர்ப்பட்டியல் இயக்குநர்களாகக் கிருஷ்ணன்–பஞ்சு இருவரையும், படத்தொகுப்பாளராகப் ‘பஞ்சாபி’ என்பவரையும் குறிக்கிறது. பஞ்சாபி வேறொருவர் அல்லர். இயக்குநர் இருவரில் ஒருவரான பஞ்சுவே. நடிகர், வசனகர்த்தா, பாடலாசிரியர் ஆகியோர் வழியாகவே தமிழ்த் திரை வரலாற்றை எழுதிவந்த மரபு, இம்மறைபெயரைச் சுவையான துணுக்காகக் கடந்துவிட்டது. இயக்கம் என்று பாராட்டப்பட்டதில் எவ்வளவு பகுதி வெட்டுமேசையில் உருவானது என்னும் கேள்வி அதனால் எழாமலே போயிற்று.

பஞ்சாபகேசன் என்னும் பஞ்சு, கடற்கரையில் காரைக்கால் வரை விரியும் காவிரிப் படுகையின் மேற்பகுதியில், கும்பகோணத்தை அடுத்த உமையாள்புரத்தில் 1915இல் பிறந்தவர். இசைக்கும் நாடகத்துக்கும் பெயர்பெற்ற அப்பகுதியில் திரைப்படத் தயாரிப்பு வேரூன்றவில்லை. தொழில் தேடியோர் கோவைக்கும் சென்னைக்கும் பெயர்ந்தனர். பஞ்சுவும் அவ்வாறே சென்றார். கிருஷ்ணனோடு இணைந்து 1944இல் ‘பூம்பாவை’யை இயக்கினார், இருவரும் ஐம்பதுக்கும் மேற்பட்ட படங்களை உருவாக்கினர்.

அக்காலப் படத்தொகுப்பு கைவேலை. 35 மி.மீ. படச்சுருளில் ஓர் அடிக்குப் பதினாறு சட்டகங்கள். ஆயிரம் அடி ஓடிமுடியச் சுமார் பதினொரு நிமிடம். படமும் ஒலியும் தனித்தனிச் சுருள்களாக மேசைக்கு வரும். படத்தை எங்கும் நறுக்கலாம். ஒலியை அவ்வாறு நறுக்கினால் சொல் உடையும். ஆகவே வசனம் மிகுந்த படத்தில் வெட்டு விழும் இடத்தை வாக்கியத்தின் மூச்சே பெரிதும் தீர்மானிக்கிறது. மு. கருணாநிதியின் நீண்ட அடுக்குத்தொடர்களைச் சுமந்த ‘பராசக்தி’க்கு இது முழுமையாகப் பொருந்தும். நீதிமன்றக் காட்சியின் விசையைச் சிவாஜி கணேசனின் குரலுக்கு மட்டும் உரியதாக்குவது பாதி உண்மையே. பேசுபவர் முகத்தில் எவ்வளவு நேரம் தங்குவது, எந்த இடைநிறுத்தத்தில் கேட்பவரிடம் திரும்புவது என்பவை மேசையில் எடுக்கப்பட்ட முடிவுகள். மேலும், இப்படத்தின் தொடக்கக் காட்சிகள் பின்னர் மீண்டும் படமாக்கப்பட்டவை. வெவ்வேறு காலத்துத் துண்டுகளை ஒரே ஓட்டமாக்கும் பொறுப்பும் அம்மேசையையே சார்ந்தது.

அம்மேசை ஒரு பள்ளியாகவும் இருந்தது. கிருஷ்ணன்–பஞ்சுவிடம் உதவிப் படத்தொகுப்பாளராகப் பயின்ற ஏ. பீம்சிங் பின்னர் ‘பாசமலர்’ (1961) முதலியவற்றை இயக்கினார். ஏவி.எம். படத்தொகுப்புப் பிரிவிலிருந்து வந்தவர் எஸ். பி. முத்துராமன். மூவருக்கும் தொகுப்பறை இயக்கத்துக்கான வாயிலாயிற்று. வாயிலைக் கடந்தபின் பழைய தொழில் நினைவிலிருந்து மங்கியது.

பீம்சிங்கின் மகன் பி. லெனின் வேறு திசையில் நடந்தார். மகேந்திரனின் ‘உதிரிப்பூக்கள்’ (1979) அவர் தொகுத்தது. வாக்கியத்தின் முடிவுக்காகக் காத்திராத வெட்டு அங்கே காணப்படுகிறது. ஆற்றங்கரை இறுதிக் காட்சியில் பேச்சைவிட மௌனத்தின் நீளமே அளவுகோல். ‘பராசக்தி’யிலிருந்து இதற்கு இருபத்தேழு ஆண்டுகள், தமிழ்ப் படத்தொகுப்பின் மிகப் பெரிய மாற்றம் இவ்விடைவெளியில் நிகழ்ந்தது எனலாம். கணினியின் வரவைப் பெரிதுபடுத்துவோர் இதைக் கவனிப்பதில்லை.

கணினி வந்தது 1994இல். கும்பகோணப் பகுதிக் குடும்பமொன்றின் வீழ்ச்சியைக் கூறும் ‘மகாநதி’ ஏவிட் முறையில் தொகுக்கப்பட்ட முன்னோடிப் படம், தொகுத்தவர் என். பி. சதீஷ். அதே ஆண்டு வெளிவந்த ‘காதலன்’ லெனினுக்கும் அவருடைய இணையர் வி. டி. விஜயனுக்கும் சிறந்த படத்தொகுப்புக்கான தேசிய விருதைப் பெற்றுத்தந்தது. மணிரத்னத்தின் ‘நாயகன்’, ஷங்கரின் ‘ஜென்டில்மேன்’ ஆகியவற்றிலும் இவ்விருவர் பெயரே உள்ளது.

லெனினும் இயக்கத்துக்கு வந்தார். எனினும் தொகுப்பாளர் என்னும் அடையாளத்தைக் களையவில்லை. 1992ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் அவருடைய குறும்படம் ‘நாக் அவுட்’ இடம்பெற்றது. ஜெயகாந்தன் கதையைத் தழுவிய ‘ஊருக்கு நூறுபேர்’ 2001ஆம் ஆண்டின் சிறந்த இயக்குநர் விருதை அவருக்கு அளித்தது. பஞ்சு இரண்டு பெயர்களில் செய்த இரு வேலைகளையும் லெனின் ஒரே பெயரில் செய்தார்.