காவிரியும் மேல்முறையீட்டு உரிமையும்

மாநிலங்களுக்கிடையிலான ஆற்றுநீர் வழக்கில் மேல்முறையீடு உண்டா? 1956-ஆம் ஆண்டின் நதிநீர்த் தகராறுச் சட்டத்தை மட்டும் படிப்பவர் இல்லை என்றே சொல்வார். நடுவர் மன்றத்துக்குரிய தகராற்றில் உச்ச நீதிமன்றம் உட்பட எந்த நீதிமன்றத்துக்கும் அதிகாரம் கிடையாது என்கிறது அதன் 11-ஆவது பிரிவு. அப்படித் தடைசெய்ய நாடாளுமன்றத்துக்கு இடம் தருவது அரசமைப்பின் 262-ஆவது உறுப்பு. ஆனாலும் காவிரிக் கணக்கை இன்று ஆள்வது ஒரு மேல்முறையீட்டுத் தீர்ப்பே.

காவிரிக்கு மேல்முறையீடு புதியதன்று. கண்ணம்பாடி அணை குறித்து மைசூருக்கும் சென்னை மாகாணத்துக்கும் மூண்ட பூசலில் 1914-இல் நடுவர் கிரிஃபின் தீர்ப்பளித்தார். இந்திய அரசு அதை உறுதிசெய்த பிறகும் சென்னை விடவில்லை. இலண்டனிலிருந்த இந்தியா மந்திரிவரை போயிற்று. அவர் தீர்ப்பை ஏற்காததால் இரு தரப்பும் மீண்டும் பேச வேண்டியதாயிற்று. அதன் விளைவுதான் 1924 பிப்ரவரி 18-ஆம் நாள் ஒப்பந்தம். மேட்டூர் அணைக்கும் வழி திறந்தது அதுவே.

பிற்காலக் கதை பலரும் அறிந்தது. 1990-இல் நடுவர் மன்றம் அமைந்தது. 2007 பிப்ரவரி 5-இல் இறுதித் தீர்ப்பு வந்தது. மொத்தம் 740 டி.எம்.சி. எனக் கொண்டு தமிழ்நாட்டுக்கு 419, கர்நாடகத்துக்கு 270, கேரளத்துக்கு 30, புதுச்சேரிக்கு 7 எனப் பிரித்தார்கள். யாருக்கும் நிறைவில்லை, சிறப்பு அனுமதி மனுக்கள் உச்ச நீதிமன்றம் ஏறின.

2016-இல் அம்மனுக்களை விசாரிக்கவே கூடாது என்றது மத்திய அரசு. அந்த வாதம் கூர்மையானது. அரசிதழில் வெளியான நடுவர் மன்ற முடிவுக்கு உச்ச நீதிமன்ற ஆணைக்குரிய வலிமை உண்டு என்று சட்டமே சொல்கிறது. அப்படியானால் தன் ஆணைமீது தானே மேல்முறையீடு கேட்பது எங்ஙனம்? டிசம்பர் 9-இல் நீதிமன்றம் இதை மறுத்தது. அந்த வலிமை முடிவை நிறைவேற்றுவதற்காகத் தரப்பட்ட கற்பிதம் மட்டுமே. 136-ஆவது உறுப்பு தரும் அதிகாரத்தை ஒரு சாதாரணச் சட்டம் பறிக்க முடியாது. நீரைப் பங்கிடக் கோரும் அசல் வழக்குக்குத்தான் தடை. நடுவர் மன்றம் தவறியதா என்று பார்ப்பதற்கு இல்லை. என் பார்வையில், அம்மனுக்கள்மீது பின்னர் வந்த 2018 தீர்ப்பைவிட நெடுங்காலம் நிற்கப்போவது இந்த ஆணைதான். கிருஷ்ணாவோ மகதாயியோ, எந்த ஆற்று வழக்கும் இனி நடுவர் மன்றத்தோடு முடியாது.

2018 பிப்ரவரி 16-இல் வந்த அந்தத் தீர்ப்பில் கணக்கு மாறியது. டெல்டாவில் 20 டி.எம்.சி. நிலத்தடி நீர் உண்டு என்று மதிப்பிட்டும் நடுவர் மன்றம் அதைப் பங்கீட்டில் சேர்க்கவில்லை. உச்ச நீதிமன்றம் அதில் 10-ஐச் சேர்த்தது. பெங்களூரின் குடிநீருக்கு 4.75 கூட்டியது. ஆக 14.75 டி.எம்.சி. கர்நாடகத்துக்குப் போயிற்று. மாநில எல்லையிலுள்ள பிலிகுண்டுலுவில் தமிழ்நாட்டுக்குரிய அளவு 192-இலிருந்து 177.25 ஆயிற்று. கடைமடையில் உவர்நீர் ஏறும் கிணறுகளை அறிந்தவருக்கு அந்த 10 டி.எம்.சி. உறுத்தத்தான் செய்யும்.

ஆனால் ஆண்டு அளவு குறைந்ததைவிடப் பெரிய சிக்கல் வேறு. மேல்முறையீட்டு மன்றம் ஆண்டைக் கொண்டு எண்ணுகிறது. உழவர் மாதத்தைக் கொண்டு எண்ணுகிறார். ஜூன் 12-இல் மேட்டூர் திறந்தால்தான் குறுவை. அந்த ஜூனுக்கு அட்டவணை தருவது 9.19 டி.எம்.சி., ஜூலைக்கு 31.24. மழை பொய்த்த ஆண்டில் பங்குகளை விகிதப்படி குறைத்துக்கொள்ள வேண்டும் என்பது விதி. எந்த நாளில் எவ்வளவு குறைப்பது என்பதில்தான் 2012-இலும் 2016-இலும் 2023-இலும் சண்டை வந்தது. இத்தகைய சண்டைகளைத் தீர்க்கவே 2018-இல் காவிரி மேலாண்மை ஆணையம் அமைந்திருந்தது. வினாடிக்கு 5,000 கன அடி விடச் சொன்ன அதன் உத்தரவில் 2023 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் தலையிட மறுத்துவிட்டது. பங்கீட்டளவுகளோ 15 ஆண்டுகளுக்கு மாறா என்பது 2018 தீர்ப்பு. எனவே 2033 வரை வழக்குரைஞர்கள் ஆணையத்தின் முன் பேசக் கற்க வேண்டியது அணைமட்டத்தையும் நீர்வரத்தையும் பற்றித்தான்.