குடிமகன், நபர்: அமெரிக்கப் பதினான்காம் திருத்தத்தின் இரு சொற்கள்

அமெரிக்க அரசமைப்பின் பதினான்காம் திருத்தத்தைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் குடியுரிமையில் தொடங்கி 1954ஆம் ஆண்டின் பிரவுன் தீர்ப்பில் போய் நிற்கிறார்கள். நான் பார்க்க விரும்புவது அதன் முதல் முப்பது ஆண்டுகளை. திருத்தத்தின் முதல் பிரிவில் இரண்டு சொற்கள் அடுத்தடுத்து வருகின்றன. குடிமக்களுக்கு உரிய சலுகைகளை எந்த மாநிலமும் குறைக்கக் கூடாது. சட்டங்களின் சமப் பாதுகாப்பை எந்த நபருக்கும் மறுக்கக் கூடாது. இவ்விரண்டில் முதல் வாசகம் பிறந்த ஐந்தே ஆண்டில் செயலிழந்தது. திருத்தத்தைப் பிழைக்க வைத்தது 'நபர்' என்ற சொல் என்பதே இக்கட்டுரையின் வாதம்.

எழுதியவர்களின் கவலை முதலில் குடிமகனைச் சுற்றித்தான் இருந்தது. அடிமைகளின் வழிவந்த கறுப்பினத்தவர், விடுதலை பெற்றவராயினும், அமெரிக்கக் குடிமக்களாக முடியாது என்று 1857இல் டிரெட் ஸ்காட் வழக்கில் தலைமை நீதிபதி டானி எழுதியிருந்தார். அதை முறியடிக்க 1866இல் காங்கிரஸ் குடிசார் உரிமைகள் சட்டத்தைக் கொண்டுவந்தது. குடியரசுத் தலைவர் ஆண்ட்ரூ ஜான்சன் அதைத் தடுத்தார். காங்கிரஸ் அந்தத் தடையை மீறி நிறைவேற்றியது. ஆனால் இன்று ஒரு காங்கிரஸ் இயற்றியதை நாளை இன்னொன்று நீக்கிவிடலாம். அந்த அச்சத்தால்தான் அரசமைப்பிலேயே கைவைத்தார்கள். முதல் பிரிவின் பெரும்பகுதியை ஒஹாயோவின் ஜான் பிங்காம் வரைந்தார். அமெரிக்க மண்ணில் பிறந்தவர் குடிமக்கள் என்னும் தொடக்க வாசகத்தைச் செனட்டில் ஜேக்கப் ஹவார்டு சேர்த்தார். சமப் பாதுகாப்பு உள்ளிட்ட கடைசி இரு வாசகங்களின் காப்பு குடிமகனோடு நிற்காது, எந்த நபருக்கும் உரியது என்பதையும் ஹவார்டு செனட்டில் வெளிப்படையாகவே விளக்கினார். 1868 ஜூலை 9 அன்று திருத்தத்துக்குப் போதுமான மாநிலங்களின் ஒப்புதல் கிடைத்தது.

உச்ச நீதிமன்றத்தில் அதை முதன்முதலாக உரசிப் பார்த்தவர்கள் விடுதலை பெற்ற அடிமைகள் அல்லர், நியூ ஆர்லியன்ஸ் இறைச்சி வணிகர்கள். நகரின் கால்நடை வெட்டும் தொழிலை 25 ஆண்டுகளுக்கு ஒரே நிறுவனத்திடம் லூசியானா மாநிலம் ஒப்படைத்திருந்தது. வணிகர்களுக்காக வாதாடிய ஜான் கேம்பல் முன்னாள் நீதிபதி. டிரெட் ஸ்காட் வழக்கில் டானியின் பக்கம் நின்றவர்! 1873இல் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் வணிகர்கள் தோற்றார்கள். அவர்களோடு சேர்ந்து குடிமக்களின் சலுகைகள் என்ற வாசகமும் தோற்றது. நீதிபதி மில்லர் அதைத் துறைமுகங்களுக்குப் போய்வருவது, நடுக்கடலில் அரசின் காப்பைப் பெறுவது போன்ற சில உரிமைகளுக்குள் அடக்கிவிட்டார். அன்றாட வாழ்க்கைக்கு வேண்டிய உரிமைகள் மாநிலங்களின் கையிலேயே தங்கின.

இனி 'நபர்' என்ற சொல்லின் கதைக்காகச் சான் பிரான்சிஸ்கோவுக்கு வருவோம். மரக் கட்டடத்தில் சலவைத் தொழில் நடத்த மேற்பார்வையாளர் குழுவின் அனுமதி வேண்டும் என்றது நகர விதி. நகரிலிருந்த சுமார் 320 சலவையகங்களில் 310 மரக் கட்டடங்கள். சீனர் ஏறத்தாழ 200 பேர் விண்ணப்பித்தார்கள், ஒருவருக்கும் கிடைக்கவில்லை. சீனரல்லாத 80 பேரில் ஒருவரைத் தவிர அனைவருக்கும் கிடைத்தது. 22 ஆண்டுகளாக அதே இடத்தில் துணி வெளுத்துவந்த யிக் வோவுக்குப் பத்து டாலர் அபராதம்; கட்டாததால் சிறை. அன்றைய சட்டப்படி அவர் குடிமகனாகவே முடியாது. 1886 மே 10 அன்று உச்ச நீதிமன்றம் ஒருமனதாக அவரை விடுவித்தது. விதியின் சொற்களில் பழுதில்லை, அதைக் கையாண்ட விதத்தில் பழுது என்றார் நீதிபதி மேத்யூஸ். சமப் பாதுகாப்பு, குடிமகன் ஆக முடியாத ஒருவருக்கு இப்படி வாய்த்தது.

அதே நாளில்தான் ரயில் நிறுவனம் தொடர்பான சாந்தா கிளாரா வழக்கும் முடிந்தது. ரயில் நிறுவனங்களும் 'நபர்' என்பதற்குள் அடங்கும் என்ற கருத்து அந்தத் தீர்ப்பறிக்கையின் தலைக்குறிப்பில் ஏறியது. வெளுப்பவரும் ரயில் கம்பெனியும் ஒரே வாசல் வழியே நுழைந்தார்கள். என் வாதத்துக்கு இது சங்கடந்தான், மறைப்பதற்கில்லை.

அதைவிடப் பெரிய தடை 1896ஆம் ஆண்டின் பிளெஸ்ஸி தீர்ப்பு. ரயிலில் இனவாரியாகத் தனிப் பெட்டிகள் இருப்பது சமப் பாதுகாப்புக்கு முரணல்ல என்றது நீதிமன்றம். யிக் வோ வழக்கில் விதியின் பின்னால் எட்டிப் பார்த்த கண், இங்கே மூடிக்கொண்டது. ஆகவே சொல் தானாக வேலை செய்யாது என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். ஆனாலும் 1954இல் பிரவுன் வழக்கில் திரும்பிவந்தபோது நீதிமன்றம் கையிலெடுத்தது இதே வாசகத்தைத்தான். 1873இல் புதைந்த வாசகத்தை அல்ல. பின்னாளில் இந்திய அரசமைப்பின் 14ஆம் உறுப்பில் குடியேறியதும் இதுதான். பேச்சுரிமை முதலியவற்றைக் குடிமக்களுக்கு என வரையறுத்த நம்மவர்கள், சமத்துவத்தை எந்த நபருக்கும் என்றே எழுதினார்கள்.

பிளெஸ்ஸியில் தனியொருவராக மறுத்தவர் நீதிபதி ஹார்லன். அவர் புகழ் அந்த மறுப்பால் நிற்கிறது. இரண்டே ஆண்டுகள் கழித்து வோங் கிம் ஆர்க் வழக்கில் அவர் எங்கே நின்றார் என்பதை அவ்வளவாக யாரும் சொல்வதில்லை. சான் பிரான்சிஸ்கோவில் சீனப் பெற்றோருக்குப் பிறந்து, சீனா சென்று 1895இல் திரும்பிய சமையற்காரர் வோங் கிம் ஆர்க்; குடிமகன் அல்ல என்று கரையிலேயே நிறுத்தப்பட்டார். பிறப்பால் அவர் குடிமகனே என்று ஆறு நீதிபதிகள் 1898இல் தீர்ப்பளித்தார்கள். மறுத்த இருவரில் ஒருவர் ஹார்லன். சட்டத்தின் முன் எல்லாரும் சமம் என்று வாதிட்டவர், அந்த எல்லாருக்குள் யார் வரலாம் என்பதில் சீனரிடம் தயங்கினார். தீர்ப்பு வந்து மூன்று ஆண்டுகளில், 1901இல், டெக்சாஸின் எல் பாசோ நகரில் வோங் கிம் ஆர்க்கை அனுமதியின்றி நாட்டுக்குள் இருக்கும் சீனர் என்று சொல்லி அதிகாரிகள் மீண்டும் பிடித்தார்கள். விடுபட அவருக்கு மாதக்கணக்கில் ஆயிற்று.