மதுரைக்குப் போன உச்சிக்காலம்

காலத்தையே வசப்படுத்திய மன்னர் என்று ஸ்ரீவில்லிபுத்தூர் வட்டாரத்தில் யாரையாவது சொல்வதென்றால் திருமலை நாயக்கரைத்தான் சொல்வார்கள். 1623 முதல் 1659 வரை ஆண்டவர். மதுரையில் மகாலும் புதுமண்டபமும் தெப்பக்குளமும் எழுப்பியவர். ஸ்ரீவில்லிபுத்தூர்க் கோயிலில் ஆண்டாளுக்கு உச்சிக்காலப் பூஜை முடிந்தபிறகே அவர் மதுரையில் உணவுக்கு உட்காருவாராம். பூஜை முடிந்த சேதியை அறிய வழிநெடுக மணிமண்டபங்கள் கட்டி, முந்தைய மண்டபத்து மணி காதில் விழுந்ததும் அடுத்ததை அடிக்கச் செய்தார் என்பது வழிவழிக் கதை. கணக்குப் போட்டுப் பார்த்தால் இது நடக்கக்கூடிய காரியம்தான். ஆனால் அதை நடத்திக் காட்டியிருக்கக்கூடியவர்களைக் கதை மறந்துவிட்டது.

ஸ்ரீவில்லிபுத்தூருக்கு மேற்கே செண்பகத்தோப்பு மலையடிவாரம், காட்டழகர் கோயில், அதற்குப் பின்னால் மேற்குத்தொடர்ச்சி மலை. ஊரிலிருந்து மதுரைக்குப் போகும் வழியோ கிருஷ்ணன்கோவில், தே. கல்லுப்பட்டி, திருமங்கலம் என்று சமவெளியிலேயே செல்கிறது. தூரம் சுமார் 75 கிலோமீட்டர். ஒலி ஒரு கிலோமீட்டரைக் கடக்க ஏறத்தாழ மூன்று விநாடி ஆகும். முழு வழியையும் கடக்க நான்கு நிமிடம்கூட வேண்டாம். கிலோமீட்டருக்கு ஒரு மண்டபம், மணியைக் கேட்டுக் கயிற்றை இழுக்க ஆளுக்கு ஐந்து விநாடி என்று வைத்தாலும், மொத்தம் பத்து நிமிடத்தில் சேதி அரண்மனைக்குப் போய்விடும். அக்காலக் கணக்கில் அது அரை நாழிகைக்கும் குறைவு. குதிரை மாற்றி மாற்றிப் பாய்ந்தாலும் சில மணி நேரம் ஆகியிருக்கும் வழி அது.

இங்கே இயற்கை ஒரு முட்டுக்கட்டை போடுகிறது. உச்சிவெயிலில் தரையை ஒட்டிய காற்று சூடாகவும், மேலே போகப்போகக் குளிர்ந்தும் இருக்கும். ஒலி தரையோடு ஓடாமல் மேல்நோக்கி வளைந்துவிடும். இரவில் நெடுந்தூரம் கேட்கும் கோயில் மணி நண்பகலில் பக்கத்து ஊருக்கே எட்டாமல் போவது இதனால்தான். செண்பகத்தோப்புப் பக்கமிருந்து இறங்கும் ஆடிக்காற்று மதுரைத் திசைக்கு ஒலியை ஓரளவு தள்ளிவிடும். ஐப்பசி, கார்த்திகையில் வீசும் வாடைக்காற்றோ எதிர்த்து நிற்கும். ஆகவே ஆண்டு முழுவதும் வேலை செய்ய வேண்டிய மணிவரிசையில் மண்டபங்கள் மிக நெருக்கமாக இருந்தாக வேண்டும். அதாவது 75 மண்டபத்துக்குக் குறையாது. முறைவைத்துக் காத்திருக்க மண்டபத்துக்கு இருவர் என்றால் 150 ஆட்கள். கோயில் ஊழியத்துக்கு மானிய நிலம் விட்டும், 72 பாளையங்களாகப் பிரித்து ஊர்க்காவலையும் வழிக்காவலையும் பாளையக்காரர்களிடம் ஒப்படைத்தும் நடந்த ஆட்சிக்கு இந்த ஆள்பலம் எட்டாததல்ல. ஆனாலும் அது கல்தச்சனால் மட்டும் தீரும் வேலை இல்லை. நாள்தோறும் ஒரே ஒரு ஒலிக்காகக் காதைத் தீட்டிக்கொண்டிருந்தவர்களே அந்த ஏற்பாட்டின் அச்சாணி. அவர்களில் ஒருவர் கண்ணயர்ந்தால் அன்றைய சேதி அங்கேயே நின்றுவிடும்.

உச்சிப்பொழுதை மதுரையிலேயே நிழலைப் பார்த்து அறியலாமே, மணி எதற்கு என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. இரண்டு ஊருக்கும் சூரியன் உச்சிக்கு வரும் வேளையில் வித்தியாசம் இரண்டு நிமிடம் மட்டுமே. ஆனால் நிழல் சொல்வது பொழுதை. நைவேத்தியம் முடிந்துவிட்டதா என்பதை அது சொல்லாது. பூஜை முந்தலாம், பிந்தலாம். மன்னருக்கு வேண்டியிருந்தது அங்கே ஒரு காரியம் நடந்து முடிந்த கணம். 1794-இல் பிரான்சில் பாரிசுக்கும் லீலுக்கும் இடையே கிளோட் ஷாப் நிறுவிய கைகாட்டிக் கோபுரங்களும் இதே தேவைக்காகத்தான் எழுந்தன. அங்கே தொலைநோக்கி இருந்ததால் கோபுரங்களைப் பல கிலோமீட்டர் தள்ளித் தள்ளி வைக்க முடிந்தது. காதை நம்பிய ஏற்பாட்டுக்கு அந்த வசதி இல்லை.

இன்னொரு ஆட்சேபம் வலுவானது. பாஞ்சாலங்குறிச்சிக் கட்டபொம்மனும் திருச்செந்தூர் முருகனுக்குப் பூஜை முடிந்ததை மணிவரிசையால் அறிந்து உண்டார் என்று இதே கதை அங்கும் வழங்குகிறது. அப்படியானால் இது பெரிய மனிதர்கள்மேல் ஏற்றிச் சொல்லும் பொதுக்கதை ஆகாதா? இவ்வழியில் எஞ்சியுள்ள சாலையோரக் கல்மண்டபங்கள் வழிப்போக்கர் தங்கக் கட்டியவையாக இருக்கலாமே? இருக்கலாம். நாயக்கர் காலத்தில் சத்திரமும் சாவடியும் கட்டுவது பெரும் தர்மமாக நடந்தது. ஆனால் ஒரே கதை இரண்டு ஊரில் வழங்குவதாலேயே இரண்டும் பொய்யாகிவிடாது. ஒருவர் செய்து காட்டியதை மற்றவர் பின்பற்றியிருக்கவும் கூடும்; தங்கும் மண்டபத்திலேயே மணியும் தொங்கியிருக்கக் கூடும்.

வழக்கைத் தீர்க்கும் சாட்சி மண்டபங்களின் இடைவெளிதான். எஞ்சியவற்றைப் படத்தில் குறித்துப் பார்க்கும்போது அடுத்தடுத்தவை கூப்பிடு தூரத்துக்குச் சற்றே கூடுதலாக, சீராக அமைந்திருந்தால் அவை மணிக்காக எழுந்தவை. பொழுது சாயும்வரை நடக்கும் தூரத்தில் இருந்தால் வழிப்போக்கருக்கானவை. திருமங்கலம், இராஜபாளையம் சாலை நான்குவழியாக விரியும் இந்நாளில் அந்த அளவையை முதலில் எடுத்துவிட வேண்டும். மணி செய்ததாகச் சொல்லப்படும் வேலையைப் பிற்காலத்தில் தந்தி செய்தது; சென்னை வானாய்வகத்தின் நேரம் தந்திக் கம்பி வழியே ரயில் நிலையங்களுக்குப் போனது. அங்கும் கம்பியின் முனையில் ஓர் ஆள் உட்கார்ந்திருக்க வேண்டியிருந்தது. அளவை எந்தப் பக்கம் தீர்ப்புச் சொன்னாலும், தூரத்து ஊரின் கணத்தை இங்கே கொண்டுவந்த பெருமையில் கட்டியவருக்கு இணையான பங்கு காத்திருந்தவருக்கும் உண்டு என்பதில் மாற்றமில்லை.