ஒருத்தரும் வரலே

பண்ருட்டின்னு சொன்னதும் எல்லாரும் பலாப்பழத்தைத்தான் கேட்பாங்க. எனக்கு முதலில் ஞாபகம் வருவது 2011 டிசம்பர் 30 விடிகாலை. கடலூருக்கும் புதுச்சேரிக்கும் நடுவே தானே புயல் கரையைக் கடந்த நாள். தாத்தா காலத்துப் பலா மரங்களும் முந்திரித் தோப்புகளும் வேரோடு சாய்ந்து கிடந்தன. அந்த வாரம் எங்க தெருவில் அடிக்கடி காதில் விழுந்தது ஒரே வாக்கியம்தான்: "ஒருத்தரும் வரலே."

அதே வாக்கியத்தை ஓர் ஆவணப்படத்தின் தலைப்பாகப் பார்த்தபோது திடுக்கென்றது. 2017 நவம்பர் கடைசியில் ஒக்கி புயலில் சிக்கி, நூற்றுக்கணக்கான மீனவர்கள் கரை திரும்பவில்லை. குமரிக் கடற்கரையில் காத்திருந்த அந்தக் குடும்பங்களைப் பற்றிய படம் அது. எடுத்தவர் திவ்யபாரதி, அருப்புக்கோட்டைக்காரர். 2018-ல் முன்னோட்டம் வெளியானதுமே அவர் மீது வழக்கு பாய்ந்தது.

வழக்கு அவருக்குப் புதுசு இல்லை. அதற்கு முந்தைய படம் 'கக்கூஸ்' (2017). 2015-ல் மதுரையில் மலக்குழியில் இறங்கிய தொழிலாளர்கள் இறந்ததைப் பார்த்துத்தான் இதைக் கையில் எடுத்தார். தமிழகம் முழுக்கச் சுற்றி, கையால் மலம் அள்ளுகிறவர்களையே பேச வைத்தார். பல இடங்களில் திரையிட அனுமதி கிடைக்கவில்லை. யூட்யூபில் ஏற்றிவிட்டார். அப்புறம் தொலைபேசியில் மிரட்டல்கள். அதே வருஷம் ஜூலையில், 2009-ஆம் ஆண்டு மாணவர் போராட்ட வழக்கு ஒன்றில் கைதும் ஆனார்.

'கக்கூஸ்' டச்சு மொழியிலிருந்து வந்த சொல் என்பார்கள். எங்க கடலூர்ப் பக்கம் தேவனாம்பட்டினத்திலும் பரங்கிப்பேட்டையிலும் 17-ஆம் நூற்றாண்டிலேயே டச்சுக்காரங்க வியாபாரம் பண்ணியிருக்காங்க. அவங்க போயிட்டாங்க, சொல் தங்கிடுச்சு. அந்த வேலையை ஒரு சாதித் தலையில் கட்டுவது மட்டும் நம்ம சொந்தச் சரக்கு.

இவருக்கு முன்னாலேயே மதுரை அமுதன் 2003-ல் 'பீ' எடுத்துவிட்டார். கையால் மலம் அள்ள வைப்பதைத் தடுக்க 1993-ல் ஒரு சட்டம், 2013-ல் இன்னொன்று. குழியில் இறந்தவர் குடும்பத்துக்கு 10 லட்சம் என்று 2014-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2023-ல் அதை 30 லட்சம் ஆக்கியது. தொகைதான் ஏறுகிறது, சாவு நிற்கலையே!

அப்போ படம் எடுத்து என்ன பயன்னு கேட்கலாம். நானும் கேட்டுக்கொண்டவன்தான். எங்க பெரியம்மா தோப்பில் ஒவ்வொரு பலாவுக்கும் ஒரு பேர் வெச்சிருந்தாங்க. தானே அடிச்ச மறுநாள், விழுந்த மரங்களை ஒவ்வொன்றாய்ப் பேர் சொல்லிக் கூப்பிட்டு அழுதாங்க. கணக்கெடுப்புத் தாளில் மரங்களின் எண்ணிக்கை ஏறியது, அந்தப் பேர்கள் ஏறவில்லை. என் கையில் கேமரா வெச்ச செல்போன் இருந்தது. எடுக்கத் தோணலை. பெரியம்மாவும் போய்ச் சேர்ந்தாச்சு. இன்னிக்கு எனக்கு ஞாபகம் இருப்பது இரண்டே பேர்தான்.

உங்க வீட்டிலும் இப்படி யாராவது இருப்பாங்க நண்பர்களே. இந்த ஞாயிற்றுக்கிழமையே உட்கார வெச்சுப் பேச விடுங்க. பதிவு பண்ணிக்குங்க.