காஞ்சி வட்டாரத்தில் உடைப் படியின் வரலாறு: புடவை முதல் தொடங்கிப் படைவீரர் சீருடைப் படி வரை

ஓர் அரசோ கோயிலோ படையோ தன்னிடம் பணி செய்வோர் இன்ன உடையை இன்ன முறையில்தான் அணிய வேண்டும் என்று விதிக்கும்போது, அந்த உடையின் செலவு யாருடையது என்ற கேள்வியும் உடன் பிறக்கிறது. உடையைப் பொருளாகவே வழங்குவது, பணமாகக் கொடுத்துப் பணியாளரையே வாங்கிக்கொள்ளச் செய்வது, அவருடைய ஊதியத்திலிருந்தே பிடித்துக்கொள்வது என மூன்று விடைகள் இக்கேள்விக்கு வரலாற்றில் தரப்பட்டிருக்கின்றன. கோயில்களாலும் தறிகளாலும் பெயர் பெற்ற காஞ்சிபுரமும், அதைச் சுற்றிப் பாலாற்றங்கரையில் வேலூர் வரையிலும் சென்னையின் ஓரத்து ஆவடி வரையிலும் விரியும் பகுதியும், இந்த மூன்று விடைகளையும் வெவ்வேறு காலங்களில் கண்டவை. இந்திய ராணுவத்தினருக்கு இன்று ஆண்டுதோறும் வழங்கப்படும் உடைப் படியின் பொருளை முழுமையாக அறிய இந்த நீண்ட பின்னணி உதவும்.

சோழர் காலக் கல்வெட்டுகளில், கோயிலில் பணி செய்தோருக்கு அன்றாடம் அளக்கப்பட்ட நெல்லோடு, ஆடைக்கென்று ஆண்டுக்கு ஒருமுறை தனியாக ஒதுக்கப்பட்ட முதலும் குறிக்கப்படுகிறது. ஆண், பெண் இருபாலார் உடுத்தும் துணிக்கும் அக்காலத்தில் புடவை என்பதே பொதுப்பெயர் என்பதால் இது ‘புடவை முதல்’ எனப்பட்டது. நெல் வயிற்றுக்கும், பொன்னோ காசோ உடைக்கும் என இரண்டையும் தனித்தனியே கணக்கிட்ட இந்த ஏற்பாட்டில், உடைச்செலவு உணவுச்செலவுக்குள் கரைந்துபோகாமல் காக்கப்பட்டது. இத்தகைய கணக்குகளை மேற்பார்வையிடும் பொறுப்பு காஞ்சியில் நெசவாளரிடமே இருந்ததற்குச் சான்று உண்டு. இன்று சென்னை அருங்காட்சியகத்தில் உள்ள உத்தம சோழனின் செப்பேடுகள், 10ஆம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில் கச்சிப்பேடு என்று வழங்கிய இந்நகரின் ஊரகம் கோயிலுக்கு, அதாவது இன்றைய உலகளந்த பெருமாள் கோயிலுக்கு, உரிய வருவாயையும் செலவையும் வரையறுத்து, நகரின் நான்கு சேரிகளில் குடியிருந்த பட்டசாலியர் என்னும் நெசவாளர்களைக் கோயில் கணக்குகளுக்குப் பொறுப்பாக்குகின்றன.

நெசவும் படைத்தொழிலும் ஒரே சமூகத்தில் சேர்ந்திருந்ததும் இந்தப் பகுதியின் வரலாற்றுச் சிறப்பாகும். முதலாம் ராஜராஜனின் தஞ்சைக் கல்வெட்டுகளில் ‘தெரிஞ்ச கைக்கோளர்’ என்ற பெயர் தாங்கிய படைப்பிரிவுகள் பல இடம்பெறுகின்றன. ‘தெரிஞ்ச’ என்பது தேர்ந்தெடுக்கப்பட்ட என்று பொருள்படும். பின்னாளில் செங்குந்தர் என்று பெரிதும் வழங்கப்பட்ட கைக்கோளர் சமூகம் எழுபத்திரண்டு நாடுகளாகத் தன்னை வகுத்துக்கொண்டு, அவற்றுக்கெல்லாம் தலைமையான மகாநாடாகக் காஞ்சிபுரத்தைக் கொண்டிருந்தது. ஆயினும் வீரர் அனைவரும் ஒரே நிறத்தில், ஒரே வெட்டில், ஒரே நாளில் புத்துடை அணியும் வழக்கம் இங்கு ஐரோப்பியக் கும்பினிகளின் படைகளோடுதான் வேரூன்றியது.

அந்த வழக்கத்தின் பிறப்பிடமான பிரிட்டிஷ் படையில், 18ஆம் நூற்றாண்டில் வீரரின் ஊதியம் இரு கூறாகப் பிரிக்கப்பட்டது: ஒரு கூறு அன்றாடப் பிழைப்புக்கு அவர் கையில் சேர்ந்தது, ‘ஆஃப்-ரெக்கனிங்’ எனப்பட்ட மறு கூறு உடைக்கென்று நிறுத்திவைக்கப்பட்டுப் படைப்பிரிவின் கர்னலிடம் போய்ச் சேர்ந்தது. கர்னல் அந்தத் தொகையைக் கொண்டு வணிகர்களிடம் ஒப்பந்தம் செய்து, ஆண்டுக்கொரு சிவப்பு மேலங்கியும் பிற உருப்படிகளும் தைத்து வழங்கினார். புது அங்கி வந்ததும் பழையதை வெட்டி உட்சட்டையாக்கிக்கொள்வது வழக்கம். செலவு போக மிஞ்சியது கர்னலின் சட்டப்படியான வருமானம் என்பதால், துணி எவ்வளவு மட்டமாக இருந்ததோ அவ்வளவுக்கு அவருடைய ஆதாயம் பெருகியது. 1854இல் ஓர் அரச ஆணையின் மூலம் கைவிடப்படும் வரை இம்முறை நீடித்தது. உடைக்கென்று ஒதுக்கப்பட்ட பணம் உடுத்துபவரின் கைக்கும் வராமல், அவருடைய மேற்பார்வைக்கும் உட்படாமல் இருந்ததே இம்முறையின் அடிப்படைக் குறை.

இந்தக் குறை கிழக்கிந்தியக் கும்பினியின் படைகளோடு தமிழகத்துக்கும் வந்தது. 1748இல் ஸ்ட்ரிங்கர் லாரன்ஸ் வந்த பிறகு ஒழுங்குபடுத்தப்படத் தொடங்கிய மெட்ராஸ் சிப்பாய்கள், 1758-59 அளவில் பட்டாளங்களாக அமைக்கப்பட்டனர். 1751இல் ஆர்க்காட்டைக் காத்து நின்ற ராபர்ட் கிளைவ் அதைத் தொடர்ந்து கைப்பற்றிய இடங்களுள் காஞ்சிபுரத்துக் கோயிலும் ஒன்று. 1763இல் ஆர்க்காட்டு நவாப் முகம்மது அலி வழங்கிய ஜாகீரின் பகுதியாகக் காஞ்சிபுரமும் கும்பினியின் பிடிக்குள் வந்தது. 1780 செப்டம்பர் 10ஆம் நாள், நகரை அடுத்த புள்ளலூரில் ஹைதர் அலியும் திப்புவும் கர்னல் பெய்லியின் படையை அழித்தபோது, தளபதி ஹெக்டர் மன்றோ காஞ்சிபுரத்தில்தான் முகாமிட்டிருந்தார். பெய்லியின் படையில் பெரும்பாலோர் கும்பினிச் சீருடை தரித்த இந்தியச் சிப்பாய்களே.

அச்சிப்பாய்களின் சிவப்பு மேலங்கி இங்கிலாந்திலிருந்து கப்பலில் வந்த கம்பளித் துணியால் தைக்கப்பட்டது. கும்பினி தன் நாட்டுக் கம்பளியை இந்தியாவில் விற்கப் பெரிதும் முயன்று வந்த காலத்தில், வெப்பம் மிகுந்த தமிழகச் சமவெளியில் அதை அணியச் சிப்பாயின் சம்மதம் தேவைப்படவில்லை. நாற்புறமும் தறிகள் ஓடிய காஞ்சி வட்டாரத்தில் காவல் நின்ற வீரரின் மேனியில் கடல் கடந்து வந்த துணி இருந்தது. ‘ஹாஃப் மவுண்டிங்’ எனப்பட்ட சிறு உருப்படிகளான தலைப்பாகை, இடைக்கச்சை, அரைக்கால் சட்டை முதலியவற்றின் செலவு சிப்பாயின் ஊதியத்திலிருந்து பிடித்தம் செய்யப்பட்டது. 19ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் காலாட்படைச் சிப்பாயின் மாத ஊதியம் 7 ரூபாயாக இருக்க, அவர் தம் உணவையும் குடும்பத்தையும் இந்த உடைப் பிடித்தங்களையும் அதற்குள்ளேயே அடக்க வேண்டியிருந்தது. மறுபுறம், உடைக் கணக்கில் மிஞ்சிய தொகையில் கும்பினிப் படையின் மூத்த கர்னல்களுக்குப் பங்கு கிடைத்தது.

உடைக்குச் செலவிடுபவருக்கு உடையைப் பற்றிப் பேச உரிமை இல்லாத நிலை எங்கே கொண்டுபோய் விடும் என்பதை, பாலாற்றங்கரையிலேயே உள்ள வேலூர் 1806இல் காட்டியது. படைத்தலைவர் சர் ஜான் கிராடாக்கின் காலத்தில் வெளியான புதிய விதிகள், அணிவகுப்பில் நெற்றிக் குறிகளையும் காதணிகளையும் தடுத்து, தாடியை மழிக்கவும் மீசையை ஒரே அளவில் வைக்கவும் ஆணையிட்டதோடு, தோல் சின்னம் பொருத்திய புதுவகைத் தலைப்பாகையையும் புகுத்தின. அது ஐரோப்பியரின் தொப்பியை ஒத்திருந்ததாலும், விலங்குத் தோல் சேர்ந்திருந்ததாலும், இந்து, முஸ்லிம் சிப்பாய்கள் இருசாராரும் அதைத் தம் சமயத்தின் மீது தொடுக்கப்பட்ட தாக்குதலாகக் கருதினர். மே மாதத்தில் மறுத்த சிப்பாய்களுக்குக் கசையடித் தண்டனை விதிக்கப்பட்டது. ஜூலை 10ஆம் நாள் விடியுமுன் வேலூர்க் கோட்டையில் கிளர்ச்சி வெடித்தது. ஆர்க்காட்டிலிருந்து விரைந்து வந்த கில்லெஸ்பியின் குதிரைப்படை அதைக் குருதியில் மூழ்கடித்தது. திப்புவின் குடும்பத்தார் கோட்டையில் சிறை வைக்கப்பட்டிருந்தது உட்படக் கிளர்ச்சிக்குப் பல காரணங்கள் உண்டெனினும், உடை விதிகள் அவற்றுள் தலையாயவை என்பதை, அவ்விதிகள் திரும்பப் பெறப்பட்டதும், ஆளுநர் வில்லியம் பெண்டிங்க்கும் கிராடாக்கும் லண்டனுக்குத் திருப்பி அழைக்கப்பட்டதும் உறுதிசெய்கின்றன.

சிவப்புக் கம்பளியின் இடத்தைக் காக்கி பிடித்தபோது சீருடைத் துணியின் பிறப்பிடமும் மாறியது. 1840களின் பிற்பகுதியில் பெஷாவர்ப் பகுதியில் ஹாரி லம்ஸ்டனின் கைட்ஸ் படை மண்நிற உடைக்கு மாறியது. மங்களூரில் பாசல் மிஷன் நெசவாலையின் ஜான் ஹாலர் 1850களின் தொடக்கத்தில் காக்கிச் சாயத்தை உருவாக்கினார் என்பது அவ்வூரின் மரபு. 1870களிலும் 1880களிலும் சென்னை பெரம்பூரில் எழுந்த பின்னி நிறுவனத்தின் பக்கிங்காம், கர்நாடிக் ஆலைகள் நெய்த காக்கித் துணி, ராணுவத்துக்கும் காவல்துறைக்கும் போய்ச் சேர்ந்து இரு உலகப் போர்களிலும் பெருமளவில் பயன்பட்டது. சீருடைத் துணி இவ்வாறு தமிழகத்திலேயே நெய்யப்பட்டாலும், அது விசைத்தறி ஆலையின் துணியே. காஞ்சியின் கைத்தறி அதில் இடம்பெறவில்லை. 1895இல் மெட்ராஸ் படை தனிப்படையாக இயங்குவது முடிவுக்கு வந்து ஒரே இந்திய ராணுவம் அமைந்தது. பிடித்தங்களின் சுமையும் படிப்படியாகக் குறைந்து, வீரருக்கு வேண்டிய உணவும் உடையும் அரசின் பொறுப்பு என்ற கொள்கை முதல் உலகப் போரின் நெருக்கடியில் வலுப்பெற்றது.

விடுதலைக்குப் பின் இக்கொள்கையின் தமிழக அடையாளமாக, 1961இல் ஆவடியில் படைத்துறை உடைத் தொழிற்சாலை நிறுவப்பட்டது. அன்றைய ஏற்பாட்டில் இரு தட்டுகள் இருந்தன. அதிகாரி நிலைக்குக் கீழுள்ள வீரருக்குச் சட்டை, கால்சட்டை, காலணி, கம்பளிச் சட்டை ஆகியவை கிடங்கிலிருந்து பொருளாகவே வழங்கப்பட்டன; ஒவ்வோர் உருப்படிக்கும் இத்தனை காலம் உழைக்க வேண்டும் என்று வரையறை இருந்தது; அக்காலம் முடிந்த பிறகே மாற்று கிடைத்தது. அதிகாரியோ பணியில் சேரும்போது தொடக்க உடைப் படியும், சில ஆண்டுகளுக்கு ஒருமுறை புதுப்பிப்புப் படியும், மாதந்தோறும் உடைப் பராமரிப்புப் படியும் பெற்றுத் தமக்கு வேண்டியதைத் தாமே தைத்துக்கொண்டார்.

இந்த இரட்டை ஏற்பாட்டை மாற்றியமைத்தது, நீதிபதி ஏ.கே. மாத்தூர் தலைமையிலான ஏழாவது ஊதியக் குழு. 2015 நவம்பரில் வெளிவந்த அதன் அறிக்கை, சீருடை, காலணி, சலவை, பராமரிப்பு எனச் சிதறிக் கிடந்த பல படிகளைத் திரட்டி, ஆண்டுக்கு ஒருமுறை வழங்கும் ஒரே உடைப் படியாக்கப் பரிந்துரைத்தது. 2017 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த ஆணையின்படி, ராணுவம், கடற்படை, விமானப்படை, கடலோரக் காவல்படை, மத்திய ஆயுதக் காவல் படைகள் ஆகியவற்றின் அதிகாரிகளுக்கு ஆண்டுக்கு 20,000 ரூபாயும், அதிகாரி நிலைக்குக் கீழுள்ள படையினருக்கும் ராணுவச் செவிலிய அதிகாரிகளுக்கும் 10,000 ரூபாயும் ஜூலை மாத ஊதியத்தோடு சேர்த்து வரவு வைக்கப்பட்டன. செலவுச் சீட்டு எதையும் காட்டிக் கேட்கத் தேவையின்றி இத்தொகை தானாகவே வந்துசேர்கிறது.

விலைவாசிக்கேற்ப இத்தொகை உயரவும் வழி செய்யப்பட்டுள்ளது. அகவிலைப்படி ஒவ்வொரு முறை 50 விழுக்காடு ஏறும்போதும் உடைப் படி 25 விழுக்காடு கூட்டப்பட வேண்டும் என்பது விதி. 2024 ஜனவரியில் அகவிலைப்படி 50 விழுக்காட்டைத் தொட்டதால், மேற்சொன்ன தொகைகள் முறையே 25,000, 12,500 என்றாயின. ஆண்டின் இடையில் மத்திய அரசுப் பணியில் சேர்வோரின் பங்கு எவ்வளவு என்ற ஐயத்துக்கு நிதி அமைச்சகம் 2025 மார்ச்சில் விளக்கம் தந்தது: ஆண்டுத் தொகையைப் பன்னிரண்டால் வகுத்து, பணியில் சேர்ந்த மாதம் முதல் அடுத்து வரும் ஜூன் வரையுள்ள மாதங்களால் பெருக்க வேண்டும். 12,500 ரூபாய்க்கு உரியவர் ஜனவரியில் சேர்ந்தால், ஆறு மாதங்களுக்கான 6,250 ரூபாய் அவருக்குக் கிடைக்கும். இந்த உடைப் படி அடிப்படைச் சீருடைக்கு மட்டுமே உரியது. சியாச்சின் பனிமலையிலும் நீர்மூழ்கிக் கப்பலிலும் பணி செய்வோருக்கான சிறப்பு உடைகள் முன்போலவே பொருளாக வழங்கப்படுகின்றன. உயிரைக் காக்கும் உடையைச் சந்தையின் பொறுப்பில் விடலாகாது என்ற தெளிவு இந்த வரம்பில் இருக்கிறது.

பிற நாடுகளின் முறையோடு ஒப்பிட்டால் இதன் தனித்தன்மை புலப்படும். அமெரிக்கப் படைகளில் சேரும் வீரருக்கு முதல் உடைத்தொகுதி பொருளாக வழங்கப்பட்டு, பின்னர் அவர் பணியில் சேர்ந்த மாதம் ஆண்டுதோறும் திரும்பும்போது, தேய்ந்த உடைகளை மாற்றுவதற்கான படி அளிக்கப்படுகிறது. முதல் மூன்று ஆண்டுகளுக்கு ஒரு குறைந்த வீதமும், உருப்படிகள் பலவும் பழையதாகிவிடும் பிற்கால ஆண்டுகளுக்கு ஓர் உயர்ந்த வீதமும் உள்ளன. அதிகாரிகளோ பெரும்பாலும் தம் சொந்தச் செலவிலேயே உடையைப் பேணுகின்றனர். உடையின் தேய்மானத்தை ஒட்டி நடப்பது அமெரிக்கக் கணக்கு. பதவிநிலையை ஒட்டி நடப்பது இந்தியக் கணக்கு.

பணமாக வழங்கும் இந்த மாற்றத்தின் சுமையை ஆவடி உணர்ந்தது. வீரர்கள் வெளிச்சந்தையில் துணி வாங்கித் தைத்துக்கொள்ளலாம் என்றானபோது, உடைத் தொழிற்சாலைகளுக்கு வரும் பணி குறையும் என்ற அச்சத்தைத் தொழிற்சங்கங்கள் வெளியிட்டன. 2021 அக்டோபர் 1ஆம் நாள் படைத்துறைத் தொழிற்சாலைகள் ஏழு பொதுத்துறை நிறுவனங்களாகப் பிரிக்கப்பட்டபோது, ஆவடித் தொழிற்சாலை கான்பூரைத் தலைமையிடமாகக் கொண்ட ட்ரூப் கம்ஃபர்ட்ஸ் நிறுவனத்தின் கீழ் வந்தது. சந்தையில் கிடைக்கும் துணியின் நிறமும் தரமும் ஊருக்கு ஊர் வேறுபடுவதும், போர்ச்சீருடையைப் போன்ற துணி எவர் கையிலும் கிடைப்பதும் பாதுகாப்புச் சிக்கல்களாயின. தேசிய ஆடைத் தொழில்நுட்ப நிறுவனத்தின் துணையோடு வடிவமைத்து 2022 ஜனவரி 15ஆம் நாள் ராணுவ நாளன்று அறிமுகப்படுத்திய புதிய போர்ச்சீருடையின் வடிவுரிமையை ராணுவம் தன் பெயரில் பதிவு செய்துகொண்டது, இச்சிக்கலுக்கான மறுமொழியே.

ஆயிரம் ஆண்டுக்கு மேற்பட்ட இந்த வரலாறு தரும் தீர்ப்பு தெளிவானது. உடையை விதிப்பவரே அதன் செலவை ஏற்க வேண்டும் என்ற நெறியைச் சோழர் காலக் கோயில்கள் புடவை முதலின் வழியே கடைப்பிடித்தன. கும்பினி அதை மீறிச் சிப்பாயின் பையிலிருந்தே அவருடைய சீருடைக்குப் பிடித்தம் செய்தது. குடியரசு மீண்டும் அந்நெறியை ஏற்று, பணத்தை இடைத்தரகர் எவருமின்றி உடுத்துபவரின் கையிலேயே சேர்க்கிறது. இந்த நெறி முழுமை பெற, அகவிலைப்படி 50 விழுக்காடு ஏறும் வரை காத்திராமல் துணியின் விலையையும் தையற்கூலியையும் ஆண்டுதோறும் கணக்கிட்டுப் படியை அரசு திருத்த வேண்டும். அந்தத் துணியைத் தைக்கும் ஆவடித் தொழிலாளரின் வாழ்வாதாரத்தையும் அக்கணக்கில் சேர்க்க வேண்டும்.