எண்ண மறந்த பேரேடு

கையில் பொருளில்லாத வங்கி முறிவதில் வியப்பில்லை. பெட்டகம் நிறையப் பொருளிருந்தும் ஒரே நாளில் 2,260 கோடி டாலர் கடன்பட்ட வங்கியொன்றின் வரலாறே நம்மை நின்று சிந்திக்க வைக்கிறது.

1784ஆம் ஆண்டில் அலெக்சாண்டர் ஹாமில்டன் நிறுவிய 'பேங்க் ஆப் நியூயார்க்', 1980களில் அமெரிக்க அரசின் கடன் பத்திரங்களைக் கைமாற்றித் தரும் பெரும் வங்கிகளுள் ஒன்றாக விளங்கியது. விற்பவரிடமிருந்து பத்திரத்தைப் பெறுவதும், வாங்குபவரிடம் சேர்ப்பித்துப் பணம் பெறுவதும் அதன் பணி. அப்பத்திரங்களோ அப்போதே பெரும்பாலும் காகித வடிவை இழந்து, மத்திய வங்கியான பெடரல் ரிசர்வின் கணினிப் பேரேட்டில் பதிவுகளாகியிருந்தன. 'பெட்வயர்' எனும் வலையமைப்பின் வழியே ஒரு பத்திரம் வந்து சேர்ந்த உடனேயே, அதற்குரிய தொகை பெறும் வங்கியின் கணக்கிலிருந்து தானாகவே கழிக்கப்படும். 'தானாகவே' என்னும் சொல்லை வாசகர்கள் மனத்திலிருத்த வேண்டுகிறோம்.

1985 நவம்பரில் அவ்வங்கியின் மென்பொருள் பழுதுற்றது. பதிவுகளை எண்ணும் இடத்திற்கு 16 பிட் அளவே ஒதுக்கப்பட்டிருந்தது; 32,767க்கு மேல் அதனால் எண்ண இயலாது. எண்ணிக்கை அவ்வெல்லையைத் தாண்டியதும் பதிவுகள் குழம்பின. எந்தப் பத்திரம் யாருக்குரியது, யாரிடம் எவ்வளவு பெறவேண்டும் என்பது வங்கிக்கே தெரியாமற்போயிற்று. வெளியே அனுப்பும் வழி அடைபட்டது. உள்ளே வரும் வழியோ திறந்தே கிடந்தது. வந்த ஒவ்வொரு பத்திரத்திற்கும் பணம் போய்க்கொண்டேயிருந்தது.

நவம்பர் 21 இரவில், ஏறத்தாழ 3,600 கோடி டாலர் மதிப்புள்ளவற்றை ஈடுவைத்து, பெடரல் ரிசர்விடம் 2,260 கோடி டாலரை அவ்வங்கி கடனாகப் பெற்றது. மறுநாளே கடன் அடைந்தது. ஆயினும் ஓரிரவு வட்டியே சுமார் 50 இலட்சம் டாலர்! சில வரி நிரலைச் சோதிக்க ஆகும் செலவு இதனோடு ஒப்பிடத் தக்கதன்று.

இந்நிகழ்வைக் கூறுவோர் பலர் அந்தச் சிறிய எண்ணியையே குற்றவாளியாக்குகின்றனர். நாம் அங்ஙனம் கருதவில்லை. மனிதர் எழுதும் நிரலில் பிழை நேரும். கணக்கில் இருப்பு இல்லாதபோதும், பகல் முழுவதும் அளவின்றிப் பற்றெழுத இடமளித்த ஏற்பாடன்றோ பெரும் பிழை? முன்பெல்லாம் கணக்கர் ஒருவர் பேரேட்டை மூடிவைத்து, "சற்றுப் பொறுங்கள்" என்றிருப்பார். இங்கே பொறுக்கச் சொல்ல எவருமில்லை.

பெடரல் ரிசர்வும் இதனைப் பின்னர் உணர்ந்தே செயற்பட்டது. 1988இல் ஒரு பத்திர மாற்றத்திற்கு 5 கோடி டாலர் என உச்சவரம்பிட்டது. 1994 ஏப்ரல் முதல் பகல்நேர மிகைப்பற்றுக்குக் கட்டணமும் விதித்தது.

அவ்வங்கி 2007இல் மெலன் நிறுவனத்துடன் இணைந்தது. இத்தொழிலிலிருந்து விலகுவதாக 2016இல் ஜே.பி. மார்கன் சேஸ் அறிவித்த பின்னர், அமெரிக்க அரசுப் பத்திரங்களைக் கைமாற்றித் தரும் அப்பணி பெரிதும் இதே வங்கியின் கணினிகளையே சார்ந்து நிற்கிறது.